எடை மிஷினில் ஏறாமல் அம்மா உடம்பைப் பேணுவது எப்படி? (54 வயது, முழங்கால் வலி, ஐந்தாம் மாடி)

ஐந்தாம்மாடி (யாங்கோன்) கேட்டது:

எல்லோருக்கும் வணக்கம். அம்மாவுக்கு 54 வயது. உயரம் 5 அடி 1 அங்குலம், எடை 176 பவுண்டு. மளிகைக் கடையில் காலை 7 முதல் மாலை 6 வரை உட்கார்ந்த வேலை. வீடு பர்மாவில் யாங்கோனில், ஐந்தாம் மாடி, லிஃப்ட் கிடையாது. இறங்கும்போது வலது முழங்கால் வலிக்கிறது. கடைசியாகப் பார்த்த கணக்கு: வெறும் வயிற்றுச் சர்க்கரை 108, எச்பிஏ1சி (மூன்று மாதச் சர்க்கரைச் சராசரி) 5.9, பிரஷர் 148/92. மாத்திரை எதுவும் இல்லை.

கிளினிக்கில் கிடைத்தது ஒரே வரி: "30 பவுண்டு குறைச்சிட்டு வாங்க." அதோடு அம்மா கிளினிக் போவதையே விட்டுவிட்டார். எடை மிஷின் என்றாலே முகம் சுருங்குகிறது. பட்டினி, பொடி, சாறு எதுவும் வேண்டாம் என்கிறார். இந்த உடம்போடு இன்றைக்கு என்ன செய்யலாம் என்பதுதான் கேள்வி.

எடைக்குப் பதிலாக எதைக் கவனிப்பது? வெயிலிலும் மின்வெட்டிலும் எப்படி நடப்பது? அத்தோடு, கோயிலுக்குச் சேலை கட்டும் நாளில் பாவாடை நாடா பதிந்த இடம் கறுத்து உரிகிறது, அதற்கு என்ன வழி? பழைய ரவிக்கை ஒன்றும் சேரவில்லை. பீரோவில் 11 சேலை "இளைச்ச பிறகு" என்று காத்துக் கிடக்கிறது. தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

செவிலிக்குறிப்பு (மோல்மேன்):

முதலில் பிரஷரைப் பார்ப்போம் தங்கச்சி. 148/92 என்பதை அப்படியே நம்பிவிட வேண்டாம், அப்படியே தள்ளிவிடவும் வேண்டாம். பருத்த மேல்கைக்குச் சிறிய பட்டையைக் கட்டினால் மிஷின் கூடுதலாகத்தான் காட்டும். பட்டையின் காற்றுப்பை கையைச் சுற்றி வராததால் ரத்தக் குழாயை அழுத்தக் கூடுதல் காற்று வேண்டியிருக்கிறது. தோள் முனைக்கும் முழங்கை முனைக்கும் நடுவில் தையல் டேப்பைச் சுற்றிப் பாருங்கள். வீட்டு மிஷினோடு வருவது பெரும்பாலும் 22 முதல் 32 செ.மீ. கைக்கான பட்டை. அம்மாவுக்கு 34, 35 என்று வந்தால் 32–42 அளவுப் பட்டை தனியாகக் கேட்டு வாங்க வேண்டும். பெரிய பட்டை தேவைப்படுகிறவருக்கு நடுத்தரப் பட்டை கட்டினால் மேல் எண் சராசரியாக 5 வரை கூடும். அதற்கும் அடுத்த அளவு தேவைப்படுகிறவருக்குக் கிட்டத்தட்ட 20 கூடும். மாத்திரை ஆரம்பிப்பதா வேண்டாமா என்பதே மாறிப்போகிற வித்தியாசம் அது.

பார்க்கும் முறை: சாய்மானம் உள்ள நாற்காலி. டீக்கடை முக்காலியில் உட்கார்ந்து பார்க்கவே கூடாது. பாதம் தரையில் பட வேண்டும், கால் மேல் கால் போடக் கூடாது. கை மேசை மேல் நெஞ்சு உயரத்தில் இருக்கட்டும். 5 நிமிடம் பேசாமல் இருந்த பிறகு காலையில் 2 முறை, மாலையில் 2 முறை, ஒவ்வொன்றுக்கும் ஒரு நிமிட இடைவெளி. அதற்கு அரை மணி முன் டீ வேண்டாம், சிறுநீரை அடக்கிக்கொண்டும் இருக்க வேண்டாம். 7 நாள் பார்த்து, முதல் நாளை விட்டுவிட்டு, மிச்ச 6 நாளுக்குச் சராசரி போடுங்கள். வீட்டுக் கணக்கில் 135/85 அல்லது அதற்கு மேல் இருந்தால் அந்தத் தாளோடு டாக்டரைப் பாருங்கள். ஒரு நாளில் 180/120ஐத் தொட்டால் ஏழு நாள் காத்திருக்க வேண்டாம். கூடவே நெஞ்சுவலி, மூச்சுத்திணறல், வாய் கோணல் இருந்தால் நேரே ஆஸ்பத்திரி.

சர்க்கரை 5.9 என்பது நடுவாந்தரம். 5.7 முதல் 6.4 வரை எச்சரிக்கை வட்டம், 6.5 முதல்தான் நீரிழிவு. ஆறு மாதத்தில், அதிகம் போனால் ஒரு வருடத்தில் மறுபடி பார்த்தால் போதும்.

எடைக்குப் பதிலாக ஒரு நோட்டில் நாலு விஷயம் எழுதச் சொல்லுங்கள்: ஐந்து மாடி ஏற எத்தனை இடத்தில் நின்றார், 30 விநாடியில் நாற்காலியிலிருந்து எத்தனை முறை எழுந்தார், எத்தனை மணி நேரம் தூங்கினார், இரவில் எத்தனை முறை சிறுநீருக்கு எழுந்தார். முதல் இரண்டும் வாரத்துக்கு ஒரு முறை போதும். பயிற்சி ஏறுவது அதில் தெரியும். எடை அப்படி இல்லை. முந்தின நாள் ஙப்பி (உப்பு மீன் விழுது) கூடினாலே மறுநாள் 2, 3 பவுண்டு ஏறும். அது கொழுப்பு அல்ல, உப்பு பிடித்துவைத்த தண்ணீர்.

எடை தெரிந்தே ஆக வேண்டிய நேரமும் உண்டு: மயக்க மருந்து, எடைக்குத் தக்கபடி அளக்கும் சில மருந்துகள், இதயம் பலவீனமானவருக்கு 3 நாளில் 2 கிலோவுக்கு மேல் ஏறுகிறதா என்று பார்ப்பது. அப்போது மிஷினில் முதுகைக் காட்டி ஏறலாம். "எண்ணைச் சொல்லாதீங்க, எழுதிக்குங்க" என்று முன்கூட்டியே சொல்லிவிட்டால் போதும். சாதாரண இருமலுக்குப் போகும்போது எடை பார்க்க விருப்பமில்லை என்றால் அதையும் சொல்லலாம்.

படிக்கணக்கு (யாங்கோன்):

இயன்முறைச் சிகிச்சைப் பக்கத்திலிருந்து எழுதுகிறேன். இறங்கும்போது வலிக்கிற முழங்காலுக்கு வேண்டியது தொடையின் முன்தசை. அந்தத் தசைதான் இறங்கும்போது பிரேக். பிரேக் தேய்ந்தால் பாரம் மூட்டில் விழுகிறது. நாள் முழுக்க உட்கார்ந்தால் தேய்வது அதுதான்.

படி விதி: ஏறும்போது நல்ல கால் முதலில், இறங்கும்போது வலிக்கிற கால் முதலில், கை எப்போதும் கைப்பிடியில். மூன்றாம் மாடித் திருப்பத்தில் ஒரு நாற்காலி போட்டுவையுங்கள் (பக்கத்து வீட்டாரிடம் ஒரு வார்த்தை சொல்லிவிட்டு). கடைச் சாமானை அவசரமாகத் தூக்கிக்கொண்டு ஏற வேண்டாம். பால்கனியிலிருந்து கயிற்றில் கிளிப் கட்டித் தொங்கவிட்டுத் தூக்கும் நம்மூர் ஏற்பாடு எதற்கு இருக்கிறது!

பயிற்சி ஒன்றே போதும், உட்கார்ந்து எழுவது. நாற்காலி உயரம் 43 முதல் 45 செ.மீ. வேண்டும். முதல் இரண்டு வாரம் மேலே ஒரு கெட்டித் தலையணை போட்டு 50 செ.மீ. ஆக்குங்கள். நாற்காலி சுவரோடு ஒட்டியிருக்கட்டும். நுனிக்கு நகர்ந்து உட்கார்ந்து, பாதம் இரண்டையும் இடுப்பு அகலத்தில் முழங்காலுக்குக் கொஞ்சம் பின்னால் வைத்து, மூக்கு கால்விரலுக்கு நேரே வரும் வரை முன்சாய்ந்து எழ வேண்டும். எழுவது ஒரு எண்ணிக்கை, உட்காருவது மூன்று எண்ணிக்கை. பலன் அந்த மெதுவான உட்காருதலில்தான். தொப்பென்று விழுந்தால் பாதிப் பலன் போச்சு. 5 முறை, ஒரு நிமிட ஓய்வு, மறுபடி 5. ஒரு நாள் விட்டு ஒரு நாள். 10 முறை இரண்டு சுற்று சுலபமாக வந்த பிறகு தலையணையை எடுக்கலாம்.

எங்கே தப்பு நடக்கிறது? முதல் நாளே உற்சாகத்தில் 40 முறை செய்துவிட்டு, மறுநாள் படி இறங்க முடியாமல் "எனக்கு ஒத்துக்கலை" என்று விடுவதில்தான். வலியைப் பத்துக்கு மார்க் போடச் சொல்லுங்கள். செய்யும்போது 4 வரை இருக்கலாம், மறுநாள் காலைக்குள் பழைய நிலைக்கு வந்துவிட வேண்டும். வரவில்லை என்றால் எண்ணிக்கையைப் பாதியாக்குங்கள், நிறுத்த வேண்டாம். முழங்கால் வீங்கி சூடாக இருந்தாலோ, மடக்க முடியாமல் பூட்டிக்கொண்டாலோ பயிற்சி வேண்டாம், முதலில் காட்டுங்கள்.

நடை பற்றி. உலகச் சுகாதார நிறுவனத்தின் 2020 வழிகாட்டி சொல்வது வாரத்துக்கு 150 முதல் 300 நிமிடம். ஒரே மூச்சில் என்று அதில் இல்லை. சாப்பாட்டுக்குப் பின் 10 நிமிடம், மூன்று வேளை, வாரம் ஐந்து நாள் என்றால் 150 வந்துவிடுகிறது. சாப்பிட்ட பின் நடக்கும் 10 நிமிடம் சர்க்கரை ஏறும் உச்சியைத் தணிக்கிறது, அம்மாவின் 5.9க்கு அதுதான் மருந்து. கடைக்குள்ளேயே நடக்கலாம். கரண்ட் வருமா போகுமா என்று பார்க்க வேண்டியதில்லை. கண்டவ்ஜி ஏரிக்கரை என்றால் காலை 7 மணிக்குள் முடித்துவிடுங்கள். 2024 ஏப்ரல் 28இல் சௌக் ஊரில் 48.2 டிகிரி அடித்த நாடு இது. சித்திரை வெயிலில் வீம்பு பிடித்து நடப்பது ஆரோக்கியம் ஆகாது.

ஒரு எச்சரிக்கை. ஷ்வேடகோன் பகோடாவிலும் கோயில் பிரகாரத்திலும் வெறுங்காலில் சுற்றுவது நல்ல நடைதான். ஆனால் பத்து மணிக்கு மேல் கல்தரை கொதிக்கும். காலில் மரப்பு உள்ள நீரிழிவுக்காரருக்குக் கொப்புளம் கண்டபிறகுதான் தெரியும்.

நேர்வழி (பேகு):

எல்லாம் சரி. ஆனால் உடம்பை ஏற்றுக்கொள்ளுங்கள் என்று சொல்லியே எடையை மறைப்பது எனக்குச் சரியாகப் படவில்லை. முழங்கால் தேய்மானத்தில் ஒரு பவுண்டு குறைந்தால் ஒவ்வொரு அடிக்கும் மூட்டின் மேல் 4 பவுண்டு பாரம் குறைகிறது, ஆராய்ந்து சொன்ன கணக்கு. 5 அடி 1க்கு 176 பவுண்டு என்றால் பிஎம்ஐ (உயரத்துக்கு எடை எவ்வளவு என்ற கணக்கு) 33. ஆசியருக்கு 27.5க்கு மேலேயே ஆபத்து அதிகம் என்று வகுத்திருக்கிறார்கள். டாக்டர் சொன்னதில் என்ன தப்பு?

செவிலிக்குறிப்பு (மோல்மேன்):

நேர்வழி அண்ணே, 4 பவுண்டு கணக்கு உண்மை. 27.5 கோடும் உண்மை. இரண்டையும் யாரும் மறைக்கவில்லை. டாக்டர் சொன்னதில் தப்பு அந்த ஒற்றை வரிதான். 30 பவுண்டு குறைக்கச் சொன்னாரே, எப்படி என்று சொன்னாரா? விளைவு என்ன ஆயிற்று? பிரஷர் 148 உள்ள ஒரு பெண்மணி கிளினிக்குக்கே வருவதில்லை. உடம்பை ஏற்றுக்கொள்வது என்று இங்கே பேசுவது இதைத்தான்: பிரஷர் பார்ப்பதற்கும், வலிக்கு மருந்து கேட்பதற்கும், பொருந்தும் துணி போடுவதற்கும் முதலில் இளைத்துவிட்டு வர வேண்டும் என்ற நிபந்தனையை எடுத்துவிடுவது.

பட்டினி வேண்டாம் என்று அம்மா சொல்வதும் அறியாமை அல்ல. 1944 நவம்பரில் அமெரிக்காவின் மின்னசோட்டாப் பல்கலைக்கழகத்தில் ஆன்சல் கீஸ் என்ற ஆய்வாளர் 36 திடகாத்திரமான இளைஞர்களை வைத்து ஒரு சோதனை தொடங்கினார். 24 வாரம் அரைவயிற்றுச் சாப்பாடு. தினம் சுமார் 1,570 கலோரி, இன்றைக்கு டயட் தாளில் சர்வசாதாரணமாக எழுதித் தரும் அளவைவிட அதிகம்! எடை கால் பங்கு போயிற்று. கூடவே எந்நேரமும் சாப்பாட்டு நினைப்பு, எரிச்சல், குளிர், சோர்வு. சமையல் புத்தகம் சேர்க்க ஆரம்பித்தவர்களும் உண்டு. சோதனை முடிந்து நிறையச் சாப்பாடு போட்ட பிறகும் பலருக்குப் பசி அடங்கவில்லை. பஞ்சம் வந்துவிட்டது என்று உடம்பு எடுத்துக்கொள்ளும் தற்காப்பு அது, மனஉறுதி இல்லாமை அல்ல. இதே கீஸ்தான் 1972இல் க்வெட்லே என்ற புள்ளியியலாளரின் பழைய சூத்திரத்துக்குப் பிஎம்ஐ என்று பேர் வைத்தவர். கூட்டத்தை ஒப்பிடுவதற்கு ஏற்றது என்று சொல்லித்தான் வைத்தார். ஒருவரின் தசை எவ்வளவு, கொழுப்பு எங்கே என்று அது சொல்லாது.

மேலே படிக்கணக்கு சொன்ன பயிற்சியை 8, 12 வாரம் செய்தால் எடை இறங்காவிட்டாலும் முழங்கால் வலி குறையும். எடை கொஞ்சம் இறங்கினால் இறங்கட்டும், அதை வாசலில் நிறுத்தி டிக்கெட் கேட்க வேண்டாம்.

ஊசிநூல் (பேகு):

பாவாடை நாடா விஷயத்தை யாரும் தொடலையே, அதான் எழுதுறேன். அதை லேசா எடுத்துக்காதீங்க. அரை அங்குலக் கயிறு, வியர்வை, ஒரே இடத்துல இறுக்கிக் கட்டுறது. வருஷக்கணக்கா உரசி உரசித் தோல் கறுக்கும், உரியும், வெடிக்கும். ரொம்ப அபூர்வமா அந்த இடத்துலயே தோல் புற்று வந்ததா இந்தியாவுல டாக்டருங்க எழுதியிருக்காங்க. பயப்படச் சொல்லலை. ஆனா நாலு வாரமா ஆறாத புண்ணு, ஓரம் தடிச்சுப்போனது, ரத்தம் கசியறது, இது மூணுல எது இருந்தாலும் காட்டிடுங்க.

செய்ய வேண்டியது சுலபம். நாடாவை உருவிடுங்க. 3 அங்குல அகலத்துல மெத்துனு பருத்திப் பட்டி வச்சு, பக்கவாட்டுல ரெண்டு வரிசை கொக்கி. ஒரு வரிசை காலைக்கு, ஒரு வரிசை சாப்பிட்ட பிறகு. பட்டிக்குள்ள ரெண்டு விரல் தாராளமா நுழையணும். சேலை நழுவுமோன்னு இறுக்காதீங்க. பட்டி அகலமா இருந்தா கொசுவம் தானா பிடிச்சுக்கும். கடையில கட்டுற தமேன் லுங்கியைப் பாருங்க, மேல கறுப்புப் பட்டி, நாடாவே கிடையாது, மடிச்சுச் செருகிக்கிறது. பாரம் இடுப்புச் சுத்திப் பரவுது. உடம்பு 2 அங்குலம் கூடுனாலும் குறைஞ்சாலும் அது கேள்வி கேக்காது. பர்மாக்காரங்க புத்தி புத்திதான். செருகுற பக்கத்தை மட்டும் நாளுக்கு நாள் மாத்திக்கணும்.

ரவிக்கைக்கு வரேன். தூக்கிப் போடாதீங்க, முதல்ல உள்பக்கம் திருப்பிப் பாருங்க. நல்ல தையல்காரர் தச்சதுன்னா பக்கத் தையலுக்கு வெளியே ஒரு அங்குலத் துணி விட்டிருப்பார், ரெண்டு மூணு வரித் தையல் ஓடியிருக்கும். உள்வரியைப் பிரிச்சா ஒரு மடிப்புக்கு அரை அங்குலம் கிடைக்கும். பக்கத்துக்கு ரெண்டு மடிப்பு, ரெண்டு பக்கம், ஆக மொத்தம் 2 அங்குலம். இங்கதான் எல்லாரும் தப்புப் பண்றாங்க. உடம்புத் தையலை மட்டும் பிரிச்சுட்டுக் கையடித் தையலை விட்டுடுவாங்க, அக்குள்ல சுருக்கம் விழுந்து கையைத் தூக்க முடியாது. இடுப்புலேர்ந்து அக்குள் வழியாக் கை முனை வரைக்கும் ஒரே ஓட்டமாப் பிரிச்சு, ஒரே ஓட்டமா அடிக்கணும். பழைய தையல் தடம் தெரியும். ஈரத்துணி வச்சு இஸ்திரி போட்டா முக்கால்வாசி போயிடும், பட்டுல போகாது.

அதுக்கும் பத்தலைன்னா அக்குள்ல 3 அங்குல வைர வடிவத் துண்டு வச்சுத் தைக்கலாம். அதே நிறம் வேணும்னு அலைய வேண்டாம், கை கீழே இருக்கும்போது வெளியே தெரியாது. புதுசா தைக்கக் கொடுத்தா அளவு ரவிக்கை கொடுக்காதீங்க. அது அஞ்சு வருஷத்துக்கு முந்தின உடம்பு. டேப் வச்சு இன்னைக்கு அளக்கச் சொல்லுங்க, மார்புச் சுத்தளவுக்கு மேல 2 அங்குலமும் மேல்கைக்கு மேல ஒண்ணும் தளர்ச்சி விடச் சொல்லுங்க. மூச்சை இழுத்துப் பிடிச்சுக்கிட்டு அளவு கொடுக்குறது வழக்கமா நடக்குற கூத்து. கொக்கி வாய் பிளக்குறதுக்குப் பாதிக் காரணம் அதுதான்.

பால்டின் அளவு (யாங்கோன்):

சமையல் பக்கம். எதையும் நிறுத்தச் சொல்ல மாட்டேன், முதலில் சேர்க்கச் சொல்லுவேன்.

காலையில் பேபியோக்காரம்மா கூவிக்கொண்டு போகும்போது ஒரு பிடி அவித்த முளைப்பட்டாணி வாங்கிவிடுங்கள். சோற்றோடோ நான் ரொட்டியோடோ வெங்காயம், ஒரு சொட்டு நல்லெண்ணெய் போட்டு அரைக் கோப்பை பேபியோ, அதில் சுமார் 7 கிராம் புரதம், நார்ச்சத்தும் உண்டு. பதினொரு மணிக்கு வரும் கோரப்பசி வராது. மொய்ங்கா (மீன்குழம்பு நூடுல்ஸ்) சாப்பிடுகிற நாளில் முட்டை சேருங்கள். வறுவல் ஒன்று போதும், குழம்பில் பாதியைக் கிண்ணத்திலேயே விடலாம். உப்பு அங்கேதான் இருக்கிறது. ஒரு மேசைக்கரண்டி மீன்சாற்றிலேயே மூன்றரை கிராம் உப்பு, நாள் முழுக்க 5 கிராமுக்குள் என்பது பிரஷர்காரருக்குச் சொல்லும் கணக்கு. மொய்ங்காவில் வாழைத்தண்டு போடுகிறார்களே, கேட்டால் இரண்டு துண்டு கூடப் போடுவார்கள்.

மத்தியானம் முதலில் சின்பாவுங் புளிக்குழம்பும் கீரையும், பிறகு சோறு. நம் புளிச்சக்கீரைதான் சின்பாவுங், அம்மாவுக்குப் பழகிய ருசி. வரிசையை மாற்றினாலே சோறு தானாகக் கொஞ்சம் குறையும். குறையாவிட்டாலும் சர்க்கரை மெதுவாக ஏறும். உலையில் ஒரு பால்டின் (கண்டென்ஸ்டு பால் டப்பா அளவு) அரிசி, கால் கிலோ சொச்சம், இரண்டு பேருக்கு என்று போடுகிற வீட்டில் மூன்று பேருக்கு என்று போட்டுப் பாருங்கள். பசித்தால் மறுபடி போட்டுச் சாப்பிடலாம் என்று சொல்லியே பரிமாறுங்கள். சட்டியைப் பூட்டி வைக்கிற வீட்டில்தான் ராத்திரி பதினோரு மணிக்கு பிஸ்கட் டப்பா திறக்கும்.

எண்ணெய்க்கு ஒரு கணக்கு. ஒரு வீசை 1.63 கிலோ. ஆளுக்கு தினம் 25 கிராம் என்றால் நாலு பேர் வீட்டில் ஒரு வீசை 16 நாள் வர வேண்டும். வாங்கின தேதியைப் புட்டியில் எழுதிவையுங்கள். 9 நாளில் தீர்ந்தால் குழம்புச் சட்டியைப் பாருங்கள். எண்ணெய் பிரிந்து மிதக்கும் வரை வதக்குவது பர்மாக் குழம்பின் இலக்கணம், அதைக் கெடுக்க வேண்டாம். வெங்காயத்தின் தண்ணீர் வற்றிய அடையாளம் அது. அடுப்பை அணைத்து 10 நிமிடம் கழித்துச் சட்டியைச் சாய்த்து, மேலே நிற்பதில் பாதியைக் கரண்டியால் எடுத்துவைத்தால் மறுநாள் காய் தாளிக்க அதுவே போதும். மசாலா ருசி ஏறின எண்ணெய், புது எண்ணெயைவிட நன்றாகவே இருக்கும்.

டீ. கண்டென்ஸ்டு பாலில் பாதிக்கு மேல் சர்க்கரை. ஒரு மேசைக்கரண்டி 20 கிராம் என்றால் 11 கிராம் சர்க்கரை. கடை டீயில் இரண்டு கரண்டி விழும். நாளுக்கு நாலு டீ குடித்தால் 88 கிராம். முதல் டீயை அப்படியே, ருசித்து, உட்கார்ந்து குடிக்கட்டும். அதில் கை வைக்காதீர்கள். இரண்டாவதை 'போ-ஜா' என்று கேட்டால் இனிப்பு குறைத்துத் தருவார்கள். மூன்றாவதும் நாலாவதும் மேசையில் சும்மாவே இருக்கிற வெறும் பச்சைத்தேநீர். எல்லாவற்றையும் ஒரே நாளில் வெட்டினால் பத்தாம் நாள் பழைய கணக்குக்கு வட்டியோடு திரும்பிவிடும்.

ஐந்தாம்மாடி (யாங்கோன்):

எல்லோருக்கும் நன்றி. கையை அளந்தேன், 36 செ.மீ.! கிளினிக்கில் கட்டியது சின்னப் பட்டைதான் என்று நினைக்கிறேன். இன்னொன்று. மார்புக்கு அடியில் சிவந்து அரிக்கிறது. கடையில் ஒரு ட்யூப் கொடுத்தார்கள், போட்டால் இரண்டு நாள் நன்றாக இருக்கிறது, விட்டால் திரும்புகிறது. தனாக்கா மரப்பட்டையை அரைத்துப் பூசலாமா?

செவிலிக்குறிப்பு (மோல்மேன்):

ட்யூபைத் திருப்பி எழுத்தைப் படியுங்கள் தங்கச்சி. பீட்டாமெத்தசோன், க்ளோபீட்டசால் என்று ஏதாவது இருந்தால் அது ஸ்டீராய்டு கலந்த கூட்டு மருந்து. அரிப்பை உடனே அமுக்கும், பூஞ்சை அடியில் வளரும், மடிப்புத் தோல் காகிதமாக மெலியும். இரண்டு நாள் நன்றாகி மறுபடி வருவது அதன் அடையாளம். நிறுத்திவிடுங்கள்.

சிவப்பின் ஓரத்தைச் சுற்றிச் சின்னச் சின்னப் புள்ளியாகச் சிதறியிருந்தால் பூஞ்சை. க்ளோட்ரிமசோல் 1 சதவீதம் மட்டும் உள்ள க்ரீம், மெல்லிய பூச்சு, தினம் 2 முறை, 2 முதல் 4 வாரம். அரிப்பு நின்றதும் நிறுத்துவதுதான் எல்லோரும் செய்கிற தப்பு. பூசுவதற்கு முன் மடிப்பைக் கழுவி, தேய்க்காமல் ஒற்றி எடுத்து, விசிறி முன்னால் 5 நிமிடம் காய வேண்டும். கரண்ட் இல்லையா, பனையோலை விசிறி. பகலில் மெல்லிய பருத்தித் துணியை மடித்து மார்புக்கு அடியில் வைத்து, மத்தியானம் ஒரு முறை மாற்றட்டும். பவுடரைக் கொட்டினால் வியர்வையோடு சேர்ந்து உருண்டு இன்னும் உரசும். உரசி மட்டும் சிவந்திருந்தால், புள்ளி இல்லையென்றால், காலையில் துத்தநாகக் க்ரீம் மெலிதாகப் போட்டால் போதும். தொடை உரசலுக்கு வாஸ்லின், நடப்பதற்கு முன்.

தனாக்கா முகத்துக்கும் கைக்கும் குளிர்ச்சி, தாராளமாகப் பூசட்டும். புண்ணான மடிப்பில் வேண்டாம். சந்தையில் பேர் ஒட்டாத டப்பாவில் விற்கும் வெளுப்புக் க்ரீம் மட்டும் வேண்டவே வேண்டாம், நாடா பதிந்த கறுப்புக்கும் வேண்டாம். அந்த ரகத்தில் பாதரசம் கலப்பது உண்டு, சிறுநீரகத்தைத் தொடும். உரசல் நின்றால் கறுப்பு மாதக்கணக்கில் தானாக மங்கும், முழுசாகப் போகாமலும் இருக்கலாம்.

அனோரதாசாலை (யாங்கோன்):

ஒன்று சேர்க்கிறேன். இத்தனையும் செய்துவிட்டுக் காளி கோயில் வாசலில் ஒருத்தர் "என்ன, நல்லா உடம்பு போட்டுட்டியே!" என்றால் மூன்று மாத வேலை போச்சு. பர்மியர் "வா லா தே நோ" (குண்டாயிட்டே போல) என்பது பெரும்பாலும் வெயில் அடிக்குது என்கிற மாதிரிப் பேச்சு, அதற்குச் சிரித்தால் போதும். நம் ஆட்கள் சொல்வதில் முள் இருக்கும். விளக்கம் சொல்ல ஆரம்பித்தால் ஆளுக்கொரு வைத்தியம் வரும். அம்மா வாயில் ஒரு வாக்கியம் தயாராக இருக்கட்டும்: "உடம்பு தேவலை அண்ணி, இப்ப படி ஏற முடியுது. நீங்க சாப்பிட்டாச்சா?" கடைசிக் கேள்வி முக்கியம். சாப்பிட்டாயா என்று கேட்டால் தமிழரும் பர்மியரும் பதில் சொல்லாமல் இருக்க மாட்டார்கள், பேச்சு திரும்பிவிடும்.

விடாமல் பேசுகிற நெருங்கிய உறவென்றால் தனியாகக் கூப்பிட்டு மகள் சொல்ல வேண்டும், அம்மா அல்ல: "அத்தை, அம்மா எடையைப் பத்தி நம்ம வீட்ல பேசறதில்லை." காரணம் கேட்டால் அதே வாக்கியத்தை மறுபடி சொல்லுங்கள். வீட்டிலும் "இன்னைக்குத் தின்னது போதும்", "நான் பன்னி மாதிரி இருக்கேன்" என்ற பேச்சு, அம்மா தன்னைப் பற்றிச் சொல்வது உட்பட, பிள்ளைகள் காதில் விழாமல் பார்த்துக்கொள்ளுங்கள். குழந்தைகள் அதை மனப்பாடம் செய்துவிடும்.

ஊசிநூல் (பேகு):

பதினோரு சேலையையும் வெளிய எடுத்து வெயில் படாத காத்துல ஒரு நாள் ஆறப் போடுங்க தங்கச்சி. மடிப்பு மாத்தி மடிங்க. பட்டு ஒரே மடிப்புல கிடந்தா அங்கயே இத்துப்போகும், ஜரிகை முதல்ல போகும். சேலைக்கு உடம்பு அளவு கிடையாது, அஞ்சரை மீட்டர்ல எதுவும் சுருங்கலை. சேராதது ரவிக்கை மட்டும்தானே. ரெண்டு ரவிக்கை போதும், ஒரு கறுப்பு, ஒரு அரக்கு, பதினொண்ணுல முக்கால்வாசிக்குப் பொருந்தும். கொக்கிப் பட்டிக்கு இடுப்பளவு எடுக்கும்போது உட்கார்ந்த நிலையில எடுங்க. நிக்கும்போது எடுத்தா ரெண்டு அங்குலம் குறைச்சுக் காட்டும், கடையில உட்கார்ந்ததும் வெட்டும்.